முறைத்தண்ணி

எங்கள் பாட்டுகளில் எது சிறந்தது என்று யாராவது கேட்டால் எனக்குக் கோபம் வரும். எல்லோரும் ஒரே பாட்டைத்தான் சொல்வார்கள், அது பாட்டே கிடையாது. இதைச் சொன்னால், "என்ன அண்ணே, ரொம்ப அடக்கமா பேசுறீங்க" என்பார்கள். அடக்கமாவது மண்ணாங்கட்டியாவது.

நாங்கள் இரண்டு பேர். என் பெயர் பஞ்சநதம். தொண்ணூறில் பிறந்த ஒருவனுக்கு வைக்கிற பெயரா இது என்று அப்பாவிடம் எத்தனையோ தடவை சண்டை போட்டிருக்கிறேன். நாகூருக்கு மேற்கே ஆறு கிலோமீட்டரில் எங்கள் ஊர். காவிரித் தண்ணீர் கடலுக்குப் போகிற வழியில் மனசு இருந்தால் எட்டிப் பார்க்கும் கடைமடை. இன்னொருவன் சுஹைப், நாகூர்க்காரன். தர்காவுக்குப் போகும் தெருவில் அவன் மாமா இப்ராஹிமின் செல்போன் கடையில் உட்கார்ந்து, வருகிறவர்களின் மெமரி கார்டில் பாட்டு ஏற்றிக் கொடுப்பான். 2009-ல் அது ஒரு முழுநேர வேலை.

நான் போய் ராப் பாட்டு இருக்கிறதா என்று கேட்டேன். கம்ப்யூட்டரிலிருந்து தலையைத் தூக்கிப் பார்த்தான்.

"இந்தப் பக்கத்துல இதைக் கேக்குற ரெண்டாவது ஆள் நீ."

"முதல் ஆள் யாரு?"

"வேற யாரு, நான்தான்."

முதல் வருஷத்துப் பாட்டுகளை நினைத்தால் இன்றைக்கும் உடம்பு கூசுகிறது. பார்த்தே இராத துப்பாக்கி, ஏறியே இராத கார், எங்களைக் கண்டால் நடுங்கும் எதிரிகள். எங்களுக்கு எதிரி என்று இருந்தது கல்லூரி அரியர் பேப்பர் மட்டும்தான். சத்தம் எதிரொலிக்காமல் இருக்க சுஹைப் வீட்டு பீரோவைத் திறந்து, துணிகளுக்கு நடுவே தலையை விட்டுக்கொண்டு செல்போனில் பதிவு செய்வோம். அவன் உம்மா ஹலீமா அறை வாசலில் வந்து நின்று, "யாரைடா பீரோவுக்குள்ள வச்சுத் திட்டுறீங்க?" என்பார். நான் அவரை அம்மா என்று கூப்பிடுவேன், அவன் உம்மா என்பான், ஒரு எழுத்துதானே வித்தியாசம் என்று சொல்லி எனக்கும் சேர்த்தே தட்டு வைப்பார்.

எங்கள் பாட்டு மாறியது ஒரு மடைச் சண்டையால். அந்த வருஷம் சம்பாவுக்கு முறை வைத்துத் தண்ணீர் விட்டார்கள். ஆறு நாள் எங்கள் வாய்க்காலில் தண்ணீர், அடுத்த ஆறு நாள் பக்கத்து வாய்க்காலுக்கு. வாய்க்காலுக்குள்ளேயும் இன்னார் வயலுக்கு இன்ன நேரம் என்று ஒரு முறை உண்டு. சுஹைப் என்னோடு வயலுக்கு வந்திருந்தபோது என் அப்பா சிங்காரவேலுவும் பக்கத்து வயல் ஐயாவுவும் மடையில் நின்று கட்டிப் புரளாத குறையாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள்.

"முறை என்னுது! மண்வெட்டிய எடு!"

"உன் முறை விடியறப்பவே முடிஞ்சுது! மரியாதையா விலகு!"

"உன் வயல் குடிச்சது போதும், என் வயல் நாக்கு தொங்குது!"

"உன் நாக்கு தொங்குனா நான் என்ன ஆத்தைத் திருப்பவா?"

எனக்கு வெட்கமாக இருந்தது. சுஹைப் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தான். "டேய் பஞ்சு, இவங்கதான்டா ராப்பர். நாம சும்மா. கவனிச்சியா, ஒருத்தர் பேசி முடிக்கிற வரைக்கும் இன்னொருத்தர் வாயத் தொறக்கல. சண்டையிலயும் முறை வச்சிருக்காங்க."

அன்றைக்கே எங்களுக்குப் பெயர் கிடைத்தது: முறைத்தண்ணி. துப்பாக்கியும் காரும் போயின. அப்பாவின் ஆயில் இன்ஜின் ஓடும் சத்தத்தைப் பதிவு செய்து அதையே தாளமாக வைத்தோம். நாலாவது அடியில் அது ஒரு தடவை மூச்சு வாங்கும், கிழட்டு இன்ஜின். அந்த மூச்சில்தான் ஒருவன் நிறுத்தி இன்னொருவன் உள்ளே வர வேண்டும். வரும்போது "முறை!" என்று சொல்லிக்கொண்டே வருவான். அந்தச் சொல் வந்தால் அதன் பின்னால் வருவது பாட்டு. எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் எழுதாத சட்டம் அது ஒன்றுதான்.

*மேட்டூர் தொறந்தா பேப்பர்ல தண்ணி*
*கல்லணை தாண்டினா பேச்சுல தண்ணி*
*எங்க ஊர் வந்தா கண்ணுல தண்ணி*
*முறை!*

ஊருக்குள் பரப்பியதும் சுஹைப்தான். கடைக்கு வருகிறவர்கள் கேட்கிற சினிமாப் பாட்டுகளுக்கு நடுவே, ஏழாவதோ எட்டாவதோ, எங்கள் பாட்டு ஒன்றைச் சொருகிவிடுவான். ஆட்டோக்காரர், கல்யாண மண்டபத்துச் சமையல்காரர், துபாய்க்குப் புறப்படுகிற பையன், எல்லோருடைய கார்டிலும் நாங்கள் இருந்தோம். ஒருமுறை சிங்கப்பூரிலிருந்து விடுமுறைக்கு வந்த ஒருவர் கடையில் நின்று எங்கள் பாட்டைத் தானாக முணுமுணுத்தார். சுஹைப் மேஜைக்கு அடியில் என் காலை மிதித்தான். அந்த வலி எனக்கு இன்னும் பிடிக்கும்.

2012-ல் ஜூனில் அணை திறக்கவில்லை, குறுவை போடவில்லை. சம்பாவும் பாதி கருகியது. எங்கள் ஊர்ப் பையன்கள் திருப்பூருக்கும் நாகூர்ப் பையன்கள் வளைகுடாவுக்கும் கிளம்பினார்கள். ஊரில் காசு புழங்காவிட்டால் செல்போன் கடைக்கு யார் வருவார்கள்? அடுத்த வருஷம் சுஹைபுக்குக் குவைத் விசா வந்தது. பிழைக்க வெளிநாடு போவதை அவர்கள் வீட்டில் சபர் என்பார்கள். அவன் வாப்பா சபரில் இருந்தபோதே இறந்துபோனதால் ஹலீமா அம்மாவுக்கு அந்தச் சொல்லே ஆகாது. இருந்தும் பெட்டி கட்டிக் கொடுத்தார்.

"ரெண்டு வருஷம்தான்டா," என்றான் சுஹைப். "நீ தாளம் போட்டு வை. நான் வாட்ஸப்புல அனுப்புறேன்."

சொன்னபடி அனுப்பினான். ஸ்டோரில் இன்சார்ஜ் வேலை, ஏசி அறை, கம்ப்யூட்டர் என்று எல்லோருக்கும் சொன்னதையே எனக்கும் சொல்லியிருந்தான். குரல் மட்டும் மாறிக்கொண்டே வந்தது. எட்டுப் பேர் தங்கும் அறை அவனுடையது, எந்நேரமும் யாராவது நாலு பேர் ஷிஃப்ட் முடிந்து தூங்கிக்கொண்டிருப்பார்கள். அதனால் போர்வைக்குள் முணுமுணுத்தே பாடினான். முணுமுணுப்புக்கு மேல் பெரிய தாளம் போட முடியாது. நானும் குறைத்துக்கொண்டே வந்து, கடைசியில் இன்ஜின் சத்தத்தைத் தூரத்தில் கேட்கிற மாதிரி வைத்தேன். இரண்டே வருஷத்தில் எங்கள் பாட்டு அடங்கி, நிதானமாகி, காதுக்குப் பக்கத்தில் வந்தது. யூடியூபில் யாரோ அதற்குப் "புதிய பாணி" என்று பெயர் வைத்தார்கள். எட்டுப் பேர் அறையில் தூங்குகிறவனை எழுப்பாமல் இருக்கிற மரியாதைதான் அந்தப் பாணி.

2015-ல் அவனுக்குக் கல்யாணம் நிச்சயமானது. பெண் பெயர் நுஸைபா, நாகூர்தான், பள்ளிக்கூடத்தில் டீச்சர். அவள் அண்ணன் ஃபாஜில் என் கல்லூரிக்காரன். மாப்பிள்ளை ஸ்டோர் இன்சார்ஜ் என்று பத்திரிகையில் போடாத குறையாக ஹலீமா அம்மா எல்லோரிடமும் சொன்னார். நிச்சயத்துக்குப் பிறகு ஐந்து மாதம் சுஹைப் ஒரு வரிகூட அனுப்பவில்லை. நான் தினமும் கேட்டேன். மாப்பிள்ளைக்கு முறுக்கு வந்துவிட்டது என்று கேலி செய்தேன், பிறகு திட்டினேன்.

ஒரு நாள் மத்தியானம், களத்தில் உளுந்து காயப்போட்டுக்கொண்டிருந்தபோது வந்தது. ஒரு நிமிஷம் பத்தொன்பது செகண்ட். கைத்தூசியைத் தட்டிவிட்டு வேப்பமரத்தடியில் நின்று கேட்டேன்.

"முறையா இது, பஞ்சு? ஸ்டோர்ல இருக்கேன்னு சொல்லி வச்சிருக்கேன். நான் இழுக்குறது செப்டிக் டேங்க் லாரி ஹோஸ். குளிச்சா போவல. சென்ட் அடிச்சா போவல. சோத்துல கை வச்சா சோத்த விட்டுப் போவல. உம்மா ஊர் பூரா சொல்லுது, புள்ள ஏசியில இருக்கான்னு. அவகிட்ட சொல்லிடவா? சொல்லாம கட்டிக்கிறது முறையா? சொன்னா உம்மா மூஞ்சி என்னத்துக்கு ஆவும்? எல்லாரும் தூங்குறானுங்க. எனக்குத் தூக்கம் வரல."

கடைசியில் இன்னும் மூன்று செகண்ட் இருந்தது. அதைப் பிறகு சொல்கிறேன்.

எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. முறை என்று ஆரம்பித்திருக்கிறான், பாட்டு அனுப்பிவிட்டான்! அதுவும் என்ன பாட்டு! போவல, போவல என்று வந்து விழுகிறது, அடித்துத் திருத்தின மாதிரியே தெரியவில்லை. செப்டிக் டேங்க் லாரியை நான் உவமை என்று நினைத்தேன். ஊரை விட்டுப் போனவன் தன் வாழ்க்கையை எப்படிப் பார்க்கிறான் பார், எவ்வளவு முதிர்ச்சி வந்துவிட்டது பார் என்று நினைத்தேன். அவ்வளவு பெரிய புத்திசாலி நான். "அவகிட்ட" என்பது யார் என்றுகூட எனக்குத் தோன்றவில்லை. பாட்டில் வருகிற அவளுக்குப் பெயர் எதற்கு?

உடனே பதில் போட்டேன். "செம மச்சான்! தெறி! இதான்டா நீ!!" கூடவே மூன்று நெருப்புப் படம்.

இரண்டு நீலக் கோடு விழுந்தது. அவன் ஒன்றும் எழுதவில்லை. ஷிஃப்டுக்குப் போயிருப்பான் என்று நினைத்துக்கொண்டு நான் இன்ஜின் சத்தத்தைத் தேடி எடுத்தேன். பழைய பதிவு, மடைச் சண்டை நடந்த வருஷத்தது. அவன் மூச்சு வாங்கும் இடமும் இன்ஜின் மூச்சு வாங்கும் இடமும் ஒட்டிக்கொண்டு வந்தன. நான் பாட வேண்டிய முறைக்கு என்ன எழுதினாலும் அதற்குப் பக்கத்தில் நிற்கவில்லை. அதனால் நான் பாடவில்லை. அவன் குரலையே இரண்டு தடவை ஓடவிட்டு, "இது முறையா" என்று பெயர் வைத்து ஐந்தாவது நாள் யூடியூபில் போட்டுவிட்டேன். எங்கள் வழக்கத்தில் அனுமதி கேட்பது என்று ஒன்று இருந்ததே இல்லை.

பத்து நாளில் அது எங்கள் கையை விட்டுப் போய்விட்டது. வளைகுடாவில் நம் ஆட்கள் தங்கும் கேம்ப் கேம்பாகப் போனது. தஞ்சாவூர் பஸ்ஸில், காரைக்கால் மீன் மார்க்கெட்டில், நாகூர் டீக்கடையில் ஓடியது. டீக்கடையில் அதைக் கேட்டவர்களில் ஃபாஜிலும் ஒருவன். பாதி டீயை வைத்துவிட்டு நேராக சுஹைப் வீட்டுக்குப் போய், ஹலீமா அம்மா முன்னால் போனை வைத்து முழுதும் ஓடவிட்டிருக்கிறான்.

"இது உங்க மவன் குரல்தானே?"

ஆமாம் என்றிருக்கிறார் அவர். பொய் சொல்ல அவருக்கு ஒரு நொடி போதும், ஆனாலும் ஆமாம் என்றிருக்கிறார்.

அன்றைக்கு சுஹைபிடமிருந்து எனக்கு ஒரே ஒரு சொல் வந்தது. "அழிச்சிடு."

எதற்கென்று தெரியாமலே அழித்தேன். போன் செய்தால் எடுக்கவில்லை. பைக்கை எடுத்துக்கொண்டு நாகூருக்குப் போனேன். ஹலீமா அம்மா உட்காரச் சொன்னார். தண்ணீர்கூடக் கொடுத்தார். எதிரே அந்த பீரோ நின்றது.

"தம்பி, ஒண்ணு கேக்கவா?"

"கேளுங்கம்மா."

"அதுல எம் புள்ள அழுவுறான். அதுக்குப் பின்னாடி ஏன் மேளம் வச்சே?"

அந்தக் கேள்வி வரைக்கும் அவன் அழுதான் என்று எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது. நூறு தடவைக்கு மேல் ஹெட்போன் மாட்டிக் கேட்டவன் நான், ஒவ்வொரு மூச்சையும் அளந்து வெட்டியவன். அந்த அம்மா ஃபாஜிலின் ஓட்டைப் போனில் ஒரே ஒரு தடவை கேட்டார். எனக்கு அங்கேயே செத்துப்போகலாம் போலிருந்தது.

"பாட்டுன்னு நெனச்சிட்டேம்மா. முறைன்னு ஆரம்பிச்சான். அப்படி ஆரம்பிச்சா பாட்டும்மா எங்களுக்கு."

"முறையான்னுல்ல தம்பி கேட்டிருக்கான்," என்றார்.

அங்கிருந்து கடைக்கு ஓடினேன். இப்ராஹிம் மாமாவிடம், கடைக் கம்ப்யூட்டரில் அந்தப் பாட்டு இருந்தால் எடுத்துவிடுங்கள், யாருக்கும் ஏற்றாதீர்கள் என்று கெஞ்சினேன். அவர் என்னைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"ரெண்டு வாரமா எல்லாரும் இதைத்தான் கேட்டு வாங்கிட்டுப் போறாங்க. எத்தனை கார்டுலேருந்து எடுப்பீங்க தம்பி?" என்றார்.

கல்யாணம் நின்றது. லாரி வேலைக்காக நிற்கவில்லை. அதை மாமாதான் பிறகொரு நாள் சொன்னார். நுஸைபா தன் வீட்டில் சொன்னாளாம்: "என்ன வேலை பாத்தா என்ன, அவர் எங்கிட்ட சொல்லியிருந்தா நான் சரின்னுதான் சொல்லியிருப்பேன். ஊர் பூரா கேட்டு முடிச்சு, கடைசியா எனக்குத் தெரியுது. பள்ளிக்கூடத்துப் பிள்ளைங்க பாடுது." வேறு இடத்தில் அவளுக்குக் கல்யாணம் ஆனது.

அவன் என்னிடம் கேட்டது இவ்வளவுதான்: சொல்லிடவா? சொல்லிடு என்று நான் ஒரு வார்த்தை எழுதியிருந்தால் போதும். நான் நெருப்புப் படம் அனுப்பினேன்.

அந்த மூன்று செகண்டுக்கு வருகிறேன். நாகூரிலிருந்து திரும்பிய அன்று பழைய ஃபைலை எடுத்து முழுதாகக் கேட்டேன். "தூக்கம் வரல" என்பதற்குப் பிறகு மூக்கை உறிஞ்சுகிறான். பிறகு, ரொம்ப மெதுவாக, "சொல்லுடா" என்கிறான். நான் அதை வெட்டியிருந்தேன். திரும்ப ஆரம்பத்துக்குப் போகும்போது அந்த இடத்தில் தாளம் இடறியது, அதனால் வெட்டினேன். வெட்டும்போது அந்தச் சொல்லைக் கேட்டேனா என்று எத்தனையோ தடவை என்னையே கேட்டுவிட்டேன். கேட்டேன். கேட்டுத்தான் வெட்டினேன்.

அதற்குப் பிறகு நான் தனியாகச் சில பாட்டு செய்தேன். நாலாவது அடி வந்ததும் என் வாய் தானாக நின்றுவிடும். இன்ஜின் மூச்சு வாங்கும், யாரும் உள்ளே வரமாட்டார்கள். பூதலூர்ப் பக்கம் ஒரு கல்லூரி விழாவுக்குக் கூப்பிட்டார்கள், போனேன். என் பாட்டுகளை முடித்ததும் பிள்ளைகள் எல்லோரும் எழுந்து நின்று "இது முறையா" வேண்டும் என்று கத்தினார்கள். என்னிடம் இல்லை என்றேன். அவர்களிடம் இருந்தது. தாளமே இல்லாமல், மூச்சு வாங்கும் இடம்கூடப் பிசகாமல், ஐந்நூறு பேர் என் நண்பனின் அழுகையைக் கைதட்டிக்கொண்டு பாடினார்கள். நான் மேடையை விட்டு இறங்கி பஸ் ஏறிவிட்டேன். அன்றோடு முறைத்தண்ணி முடிந்தது.

சுஹைப் நடுவில் ஊருக்கு வரவே இல்லை. நாலு வருஷம் கழித்து, இப்ராஹிம் மாமாவுக்குக் கண் சரியில்லாமல் போனபோது, கடையைப் பார்த்துக்கொள்ள வந்துவிட்டதாகக் கேள்விப்பட்டேன். ஒரு வாரம் தள்ளிப்போட்டு, பிறகு கிளம்பினேன். பஸ்ஸில் போகும்போது சொல்ல வேண்டியதை ஒத்திகை பார்த்தேன். மன்னிப்புக் கேட்பது இரண்டாவது. முதலில் அவன் கேட்டதற்குப் பதில் சொல்ல வேண்டும். "சொல்லிடுடா, அவகிட்ட சொல்லிடு." எந்தப் பயனும் இல்லாத பதில்தான். ஆனாலும் அதைத்தான் முதலில் சொல்ல வேண்டும் என்று இருந்தது.

கடையில் கூட்டம். எனக்கு முன்னால் மூன்று பேர். சுஹைப் இளைத்திருந்தான், முன்தலையில் முடி கொட்டியிருந்தது. ரீசார்ஜுக்கு வந்த அம்மாவிடம் நம்பர் கேட்டுக்கொண்டிருந்தவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். முகத்தில் கோபம் இருக்கிறதா என்று தேடினேன். இருந்திருந்தால் பிடித்துக்கொண்டு தொங்கியிருப்பேன். அடுத்தவருக்குக் கண்ணாடி ஒட்டிக் கொடுத்தான். அதற்கடுத்த பெரியவருக்கு ரிங்டோன் மாற்றிக் கொடுத்தான். ஒவ்வொருவரையும் பொறுமையாக, வரிசை தவறாமல் அனுப்பினான்.

மேஜை முன்னால் நான் மட்டும் நின்றேன். பழகிய ஆறு வருஷமும் அவன் வாயிலிருந்து "டா" தவிர வேறு எதுவும் கேட்டவன் இல்லை நான்.

"உங்க முறைங்க," என்றான். "சொல்லுங்க."

அவன் காத்திருந்தான். பின்னால் யாரோ வந்து நின்றார்.

"ஒரு சார்ஜர்," என்றேன். "டைப் சி."

எடுத்து, உறையைப் பிரித்து, என் போனையே வாங்கிச் சொருகிப் பார்த்தான். திரையில் பச்சை விழும்வரை இரண்டு பேரும் அதையே பார்த்துக்கொண்டு நின்றோம்.

"ஏறுதுங்க," என்று சொல்லிப் போனைத் திருப்பிக் கொடுத்தான். பிறகு எனக்குப் பின்னால் நின்றவரைப் பார்த்தான். நான் விலகி வழி விட்டேன்.